கடல் கடந்த கொடுமுடிக் கோகிலம்

மன்னார்த் தீவின் வடமேற்கு முனையில், பனைகளும் முட்புதர்களும் அடர்ந்த மணற்பரப்பின் எல்லையில், தலைமன்னார்த் துறை அமைந்துள்ளது. அதற்கப்பால் ஆதாம் பாலம் என்றும் இராமர் அணை என்றும் வழங்கும் மணற்றிட்டுகள் இராமேசுவரத் தீவை நோக்கி வரிசையாகச் செல்கின்றன. இக்கடல் ஆழமற்றது, ஆயினும் இரு நாடுகளின் வரலாற்றில் ஆழ்ந்த இடம் பெற்றது. 1914ஆம் ஆண்டு பாம்பன் பாலம் திறக்கப்பெற்றது. அவ்வாண்டிலேயே தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே நீராவிக் கப்பல்கள் ஓடத் தொடங்கின. சென்னை எழும்பூரில் ஒரே பயணச் சீட்டைப் பெற்றவர், போட் மெயில் வண்டியில் தனுஷ்கோடியை அடைந்து, ஏறக்குறைய 22 மைல் கடலைக் கப்பலில் கடந்து, தலைமன்னாரில் காத்திருக்கும் புகையிரதத்தில் ஏறி, மதவாச்சி, அனுராதபுரம் வழியாகக் கொழும்புக்குச் சென்று சேரலாம் என்ற நிலை அன்று உண்டாயிற்று.

அந்தத் துறையில் இறங்கியோர் பலதிறத்தினர். தேயிலைத் தோட்டங்களுக்குச் செல்லும் தொழிலாளர், செட்டிநாட்டு வணிகர், கதிர்காமத்திற்கும் மடுவுக்கும் போகும் யாத்திரிகர், அரசாங்க அலுவலர் ஆகியோர் அவருள் அடங்குவர். இவர்களோடு திரைச்சீலைகளையும் ஆர்மோனியப் பெட்டிகளையும் வேடப் பெட்டிகளையும் சுமந்துகொண்டு தென்னிந்திய நாடகக் குழுவினரும் வந்திறங்கினர். பொருளும் ஆளும் மட்டுமல்ல, குரல்களும் இவ்வாறு கடல் கடந்தன. இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் தமிழகத்திலிருந்து இலங்கைக்கு வந்து புகழ்பெற்ற குரல்களுள் தலையாயது கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள் அம்மையாருடையது. அவர் வாழ்க்கையின் பெருந்திருப்பம் ஒன்று இலங்கை மண்ணிலேயே நிகழ்ந்தது என்பதை நினைக்கும்போது, இக்கடல்வழியின் சிறப்பு மேலும் விளங்கும்.

மேனாட்டு இசை மரபில் பெண்களின் குரல்களுள் மிக உயர்ந்த எல்லையில் ஒலிப்பதைச் சொப்ரானோ என்பர். நொடிக்கு ஏறக்குறைய 260 அதிர்வுகள் முதல் 1,050 அதிர்வுகள் வரை அக்குரல் இயங்கும். இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆஸ்திரேலியாவின் நெல்லி மெல்பா, இத்தாலியின் லூயிசா தெத்ராசினி போன்ற சொப்ரானோ பாடகியர் உலகெங்கும் கப்பலேறிச் சென்று பாடினர். வாத்தியக் குழுவின் முழக்கத்தையும் ஊடுருவி, பெரிய அரங்கின் கடைசி வரிசையில் இருப்பவர் காதிலும் விழும்படி, எந்தக் கருவியின் துணையும் இன்றிப் பாடுவதே அவர்களுடைய கலையின் அடிப்படை. சுந்தராம்பாள் அந்த மரபில் பயின்றவர் அல்லர். அவருடைய இராகமும் தாளமும் மொழியும் வேறு. எனினும், இயற்கைக் குரலின் வலிமையொன்றையே நம்பிப் பல்லாயிரவர் முன் நின்ற வகையில், தமிழ்நாடு அக்காலத்தில் பெற்றிருந்த உச்சக் குரல் அவருடையதே எனலாம்.

காவிரிக் கரையில் உள்ள கொடுமுடி என்னும் சிவத்தலத்தில் 1908ஆம் ஆண்டு அவர் பிறந்தார். தாயார் பெயர் பாலாம்பாள். ஊரின் பெயரும் தாயின் பெயரும் முன்னெழுத்துகளாக நிற்கவே, கே. பி. சுந்தராம்பாள் என்ற பெயர் அமைந்தது. வறுமை அக்குடும்பத்தை விடாது தொடர்ந்தது. சிறுமியான சுந்தராம்பாள் ஓடும் புகைவண்டிகளில் பாடி, பயணிகள் மனமுவந்து அளிக்கும் காசைக் கொண்டுவந்து தாயிடம் சேர்த்தார். சக்கரங்களின் ஓசைக்கு மேலாகத் தன் பாட்டு எழுந்தாலன்றி அன்றைய உணவு இல்லை என்ற நிலையில் பாடிய குழந்தைக்கு, குரலைத் திறந்து பாடுவது என்பது யாரும் கற்பித்துத் தெரியவேண்டிய பாடமாக இருந்திருக்காது.

அக்குரலைக் கேட்டு வியந்த கலையன்பர்களின் உதவியால், வேலு நாயரின் நாடகக் குழுவில் அவருக்கு இடம் கிடைத்தது. தொடக்கத்தில் காட்சிகளுக்கு இடையே பாடுவதும், சிறுவர் வேடங்களைத் தாங்குவதும் அவருக்கு உரிய பணிகளாயின. நல்லதங்காள் நாடகத்தில் பசியால் வாடும் பிள்ளையாகத் தோன்றி அவர் பாடியபோது அவையோர் கண்ணீர் விட்டனர் என்பர். பசியை அறிந்த குழந்தை பசியைப் பாடிற்று. அங்கே நடிப்புக்கும் வாழ்வுக்கும் இடையே நின்ற திரை மிக மெல்லியது.

அக்காலத் தமிழ் நாடக மேடையின் இயல்பை அறிந்தாலன்றி, அவருடைய வளர்ச்சியை நன்கு விளங்கிக்கொள்ள இயலாது. 1867ஆம் ஆண்டு பிறந்து 1922இல் மறைந்த சங்கரதாஸ் சுவாமிகள், வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன் முதலிய நாடகங்களைப் பாட்டும் உரையாடலுமாக வகுத்து, மேடைக்கு ஒரு பொது நூலை அளித்தார். அப்பாடங்களை நடிகர் அனைவரும் மனப்பாடமாக அறிந்திருந்தமையால், 'ஸ்பெஷல் நாடகம்' என்னும் முறை தழைத்தது. ஓர் ஊரிலிருந்து வள்ளியாக நடிப்பவர் வருவார். மற்றோர் ஊரிலிருந்து முருகனாக நடிப்பவர் வருவார். நாரதர் வேறோர் ஊரினர். ஒத்திகை இல்லை. அன்றிரவு மேடையில்தான் ஒருவரை ஒருவர் சந்திப்பர். கதை முன்பே தெரிந்தது. ஆனால் எந்த இராகத்தை எடுத்துக்கொள்வது, எவ்வளவு நேரம் விரிப்பது, எதிராளியின் பாட்டுக்கு எவ்வாறு விடையிறுப்பது என்பவை அந்த வேளையில் எழும் கற்பனையைப் பொறுத்தவை. ஆகவே, நாடகம் பார்க்கச் சென்றவர்கள் உண்மையில் ஓர் இசைப் போட்டியைக் கேட்கவே சென்றனர்.

அன்று ஒலிபெருக்கி மேடைக்கு வரவில்லை. கூரைக் கொட்டகையிலோ திறந்த வெளியிலோ இரவு முழுவதும் நடைபெறும் நாடகத்தில், ஆர்மோனியமும் மிருதங்கமும் முழங்க, தரையில் அமர்ந்திருக்கும் கூட்டத்தின் கடைசி மனிதனுக்கும் சொல் தெளிவாகக் கேட்கவேண்டும். ஆர்மோனியத்தின் வெள்ளைக் கட்டைகளுள் முதலாவதை ஆதார ஸட்ஜமாகக் கொண்டு பாடுவது ஒரு கட்டைச் சுருதி. அங்கிருந்து கட்டைகள் ஏற ஏறச் சுருதியும் உயரும். கச்சேரி மேடையில் ஆடவர் பெரும்பாலும் ஒன்று, இரண்டு கட்டைகளிலும், மகளிர் ஐந்து, ஆறு கட்டைகளிலும் பாடுவர். நாடக மேடையிலோ ஆடவரும் நான்கு கட்டைக்கு மேல் சுருதியை உயர்த்திப் பாடவேண்டியிருந்தது. மனிதச் செவி, நொடிக்கு 2,000 முதல் 5,000 வரை அதிர்வுகள் கொண்ட ஒலிகளையே மிக எளிதாக உணர்கிறது. உயர்ந்த சுருதியில் கணீரென ஒலிக்கும் குரலில் அத்தகைய மேலதிர்வுகள் மிகுதி. அதனாலேயே அது கூட்டத்தின் இரைச்சலைத் துளைத்துச் செல்கிறது. மேனாட்டுச் சொப்ரானோவும் தமிழ் நாடகத்து வள்ளியும் இந்த ஓர் உண்மையையே வெவ்வேறு வழிகளில் கண்டறிந்தனர்.

மன்னார் மக்களுக்கு இவ்வுண்மை புதிதன்று. மாதோட்டப் பகுதியிலும் தீவின் கத்தோலிக்க ஊர்களிலும் நாட்டுக்கூத்தும் வாசாப்பும் தலைமுறை தலைமுறையாக ஆடப்பெற்று வந்துள்ளன. அண்ணாவியார் மத்தளத்தோடு நிற்க, பிற்பாட்டுக்காரர் துணைசெய்ய, கடற்காற்று வீசும் திறந்த களரியில் விடியும்வரை பாடும் கூத்தர்கள், தொண்டையின் திறத்தையே முதலாகக் கொண்டவர்கள். ஆயினும் அக்களரியில் பெண் வேடத்தையும் ஆடவரே தாங்கினர். இந்தியாவிலிருந்து வந்த நாடகக் குழுக்களில், ஒரு பெண்ணே பெண்ணாக மேடையேறி, ஆடவருக்கு எதிராக நின்று பாடி விவாதித்தாள் என்பது பலருக்குப் புதிய காட்சியாக இருந்தது.

இலங்கை அன்றைய நாடகக் கலைஞர்களுக்குப் பெரும் களமாக விளங்கியது. கொழும்பில் துறைமுகத் தொழிலாளரும் வணிகரும் திரளாக வாழ்ந்தனர். யாழ்ப்பாணத்தார் இசையை நுணுகிக் கேட்பவர். மலைநாட்டுத் தோட்டங்களில் பிறந்த மண்ணை விட்டுவந்த மக்கள், ஊர்ப்பாட்டுக்கும் புராணக் கதைக்கும் ஏங்கியிருந்தனர். கடல் கடந்து வரும் கலைஞருக்குப் பணமும் புகழும் சேர்ந்தன. சுந்தராம்பாள் இளமையிலேயே இலங்கையில் பாடிப் பெயர் பெற்றவர். தமிழகத்துப் பெருநகரங்கள் அவரை முழுமையாகக் கொண்டாடுவதற்கு முன்பே, இலங்கை மக்கள் அவரைத் தங்கள் பாடகியாக ஏற்றுக்கொண்டனர்.

1926ஆம் ஆண்டு கொழும்பில் அவர் செங்கோட்டை எஸ். ஜி. கிட்டப்பாவைச் சந்தித்தார். 1906இல் பிறந்த கிட்டப்பா, சிறுவயது முதலே மேடையில் வளர்ந்தவர். மின்னலெனப் பாயும் பிருகாக்களும், மிக உயர்ந்த சுருதியிலும் இனிமை குன்றாத சாரீரமும் அவரை ஈடு இணையற்ற நாடகப் பாடகராக ஆக்கியிருந்தன. இவ்விருவரும் ஒரே மேடையில் நின்றால் ஒருவர் மற்றவரை வென்றுவிடுவாரோ என்ற ஐயம் இருதரப்பாரிடமும் எழுந்ததாகக் கூறுவர். மேடையில் நடந்தது வேறு. வள்ளி திருமணத்தில் தினைப்புனம் காக்கும் வள்ளியாக அவரும், வேடனாக வரும் முருகனாகக் கிட்டப்பாவும் நின்றபோது, ஒருவர் விட்ட இடத்திலிருந்து மற்றவர் எடுத்துக்கொண்டார். ஒருவர் ஏறிய உச்சிக்கு மற்றவரும் ஏறினார். போட்டி என்று தொடங்கியது ஒருமிப்பாக முடிந்தது.

அன்று முதல் அவ்விணை தமிழகம் எங்கும் தேடப்பட்டது. அவர்கள் தோன்றும் நாடகங்களுக்கு மக்கள் மாட்டுவண்டிகள் கட்டிக்கொண்டு வந்தனர். ஒரு பக்கத்திற்குச் சில நிமிடங்களே பாடக்கூடிய அந்நாளைய இசைத்தட்டுகள், மேடையில் நெடுநேரம் விரிந்த பாட்டின் ஒரு துளியையே பிடித்துத் தந்தன. அத்துளியும் வீதியோரக் கடைகளிலிருந்து கேட்கும்போது, வழிச்செல்வோர் நின்று கேட்டனர். நாட்டு விடுதலைக் கிளர்ச்சியின் நாள்கள் அவை. கிட்டப்பாவும் சுந்தராம்பாளும் கதராடை உடுத்து, மேடையில் தேசியப் பாடல்களையும் பாடினர். புராணக் கதையின் நடுவே விடுதலைப் பாட்டு எழும்போது, அவையோரின் ஆரவாரம் கொட்டகையை அதிர வைத்தது.

மேடையில் ஒருமித்த இருவரும் வாழ்விலும் ஒருமித்தனர். 1927ஆம் ஆண்டு அவர்களுடைய இல்வாழ்க்கை தொடங்கியது. ஆனால் அது எளிய வாழ்வாக அமையவில்லை. கிட்டப்பா முன்னரே மணமானவர். இருவரும் பிறந்த சமூகங்களும் வேறு. உறவினரின் எதிர்ப்பும், ஊராரின் பேச்சும், மனவேறுபாடுகளும் அவர்களைப் பிரித்தும் சேர்த்தும் அலைக்கழித்தன. பிறந்த குழந்தையும் நிலைக்கவில்லை. பிரிந்திருந்த நாள்களில் அவர்கள் ஒருவருக்கொருவர் எழுதிய கடிதங்கள், பிற்காலத்தில் வெளியாகி, அவ்வன்பின் ஆழத்தையும் அதனோடு பிணைந்திருந்த துயரத்தையும் உலகுக்குக் காட்டின. மேடையில் வள்ளிக்குத் திருமணம் இனிது நிறைவேறும். பாடகியின் வாழ்வில் அந்த நிறைவு கிட்டவில்லை.

கிட்டப்பாவின் உடல்நலம் குன்றியது. 1933ஆம் ஆண்டு டிசம்பர் 2ஆம் நாள் அவர் மறைந்தார். அப்போது அவருக்கு வயது 27, சுந்தராம்பாளுக்கு 25. அன்று முதல் அவர் வெண்ணிற ஆடையையே உடுத்தார். எந்த ஆடவரோடும் இணையாக இனி நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். கொடுமுடியில் வீட்டின் உள்ளே ஒடுங்கி, பாடுவதையும் நிறுத்திவிட்டார்.

இந்த இடத்தில் அவருடைய வாழ்க்கை எதிர்கொண்ட வினா மிகக் கடினமானது. ஸ்பெஷல் நாடகம் எதிர்ப்பாட்டால் வாழும் கலை. முருகன் இன்றி வள்ளி இல்லை. ஆடவரோடு நடிப்பதில்லை என்றால், அவர் பயின்ற மேடையின் கதவு மூடப்பட்டுவிடும். உறுதியைக் கைவிட்டால், தமக்குத் தாமே உண்மையாக இருந்தவர் ஆகமாட்டார். கணவனை இழந்த பெண் பொது மேடையில் தோன்றுவதையே சமூகம் விரும்பாத காலம் அது. இளம் வயதில் அக்குரல் என்றென்றைக்குமாக அடங்கிவிடுவதற்கு எல்லாக் காரணங்களும் இருந்தன.

அடங்கவிடாமல் காத்தவருள் தீரர் சத்தியமூர்த்தி குறிப்பிடத்தக்கவர். நாடகக் கலையில் பற்றுடைய அத்தேசியத் தலைவர், நாட்டின் பொருட்டேனும் பாடவேண்டும் என்று சுந்தராம்பாளை வற்புறுத்தினார். அவர் மீண்டும் வெளிவந்தார். ஆனால் நாடகப் பாத்திரமாக அன்று, தனித்துப் பாடும் பாடகியாக. காங்கிரஸ் மேடைகளில் அவர் குரல் எழுந்தது. 1937ஆம் ஆண்டுச் சட்டசபைத் தேர்தலில், தலைவர்களின் சொற்பொழிவுக்கு முன்பாக அவர் பாடுவதைக் கேட்கவே மக்கள் கூடினர். கோவில் விழாக்களிலும் சபைகளிலும் இசைக்கச்சேரிகள் நிகழ்த்தினார். எதிர்ப்பாட்டுக்கு இடமாயிருந்த குரல் இப்போது முழுப்பொழுதையும் தானே நிரப்பியது. இணைக்குரலாக இருந்தது தனிக்குரலாயிற்று.

திரைப்பட உலகமும் அவரை நாடி வந்தது. பேசும் படம் தமிழுக்கு வந்து அப்போது சில ஆண்டுகளே ஆகியிருந்தன. நாடகப் பாடகர்களின் புகழே அப்படங்களின் மூலதனம். அவர் தம் உறுதியைத் தளர்த்தவில்லை. அவ்வுறுதிக்கு ஏற்ற வழியொன்று அமைந்தது: 1935இல் வெளிவந்த 'பக்த நந்தனார்' படத்தில், கதாநாயகியாக அன்று, திருநாளைப்போவாராகிய நந்தனாராகவே அவர் நடித்தார். வேதியர் வேடத்தில் நடித்தவர் சங்கீத வித்துவான் மகாராஜபுரம் விசுவநாத ஐயர். அப்படத்திற்கென அவருக்கு ஓர் இலட்சம் ரூபாய் ஊதியம் அளிக்கப்பட்டது. அந்நாளில் எவரும் கேட்டறியாத தொகை அது. புகைவண்டியில் காசுக்குப் பாடிய சிறுமியின் குரலுக்கு அந்நாட்டுச் சந்தை வைத்த மதிப்பு இவ்வாறு உயர்ந்தது. ஆனால் அத்தொகையினும் பெரிது, கொண்ட கொள்கையை விடாமலே தமக்கென ஓர் இடத்தை அவர் தேடிக்கொண்டமை.

அதன்பின் அவர் ஏற்ற வேடங்களை நோக்கினால் ஒரு நெறி புலப்படும். 1940இல் மணிமேகலை, 1953இல் ஜெமினி நிறுவனத்தார் எடுத்த 'ஔவையார்', 1964இல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகள். துறவியும் தமிழ் மூதாட்டியும் பக்தருமாகிய இப்பாத்திரங்கள் எவர்க்கும் இணையாக நிற்பவை அல்ல, தனித்து நிற்பவை. வெண்ணீறு துலங்கும் நெற்றியும், கையில் கோலும், கணீரென்ற தமிழும் கொண்டு அவர் தோன்றிய பிறகு, ஔவையார் என்றதும் தமிழ் மக்களின் மனக்கண்ணில் எழும் உருவம் அவருடையதே ஆயிற்று. வரலாற்றில் ஔவையின் முகத்தைக் கண்டார் எவரும் இலர். ஒரு பாடகியின் குரலே அந்த முகத்தை வரைந்துவிட்டது.

இதற்கிடையே இசையுலகில் பெரியதொரு மாற்றம் நிகழ்ந்தது. 1920ஆம் ஆண்டு ஜூன் மாதம், இங்கிலாந்தின் செம்ஸ்போர்ட் நகரிலிருந்த மார்க்கோனி நிலையத்தில் நெல்லி மெல்பா பாடிய பாட்டு, வானலை வழியாகப் பல நாடுகளில் கேட்கப்பட்டது. 1925இல் கொழும்பில் வானொலி தொடங்கியது. 1938இல் சென்னை வானொலி நிலையம் திறக்கப்பெற்றது. மேடைகளிலும் ஒலிபெருக்கி இடம்பெற்றது. கருவி குரலைச் சுமந்து செல்லத் தொடங்கவே, பாடகர் குரலைத் தாழ்த்திக்கொண்டனர். மென்மையாகவும் நெருங்கியும் பாடுவது புதிய அழகாயிற்று. ஆடவரின் சுருதி மெல்ல மெல்ல இறங்கியது. நாடக மேடையின் உச்சக் குரல்கள் ஒன்றன்பின் ஒன்றாக மறைந்தன.

சுந்தராம்பாளோ தம் பழைய வன்மையைக் கைவிடவில்லை. ஒலிபெருக்கிக்கு முன் நின்றபோதும், எதிரே பல்லாயிரவர் திறந்த வெளியில் இருப்பது போன்றே வாய்திறந்து பாடினார். அவர் பாட்டில் மூன்று சிறப்புகள் எந்நாளும் நிலைத்தன. முதலாவது, சொற்றெளிவு, வல்லினமும் மெல்லினமும், லகர ழகர ளகர வேறுபாடுகளும் உச்சத்திலும் சிதையாமல் ஒலித்தன. இரண்டாவது, தாரஸ்தாயியில் நின்று நிலைத்து ஒலிக்கும் கார்வை. மூன்றாவது, பாட்டின் பொருளை முதன்மையாகக் கொண்டு இராகத்தை அதற்குப் பணிசெய்ய விடும் இயல்பு. எழுத்தறியாத ஒருவர் கேட்டாலும் பொருள் விளங்க வேண்டும் என்பது நாடக மேடை அவருக்குத் தந்த பாடம். 1943ஆம் ஆண்டு அண்ணாமலை அரசரின் முயற்சியால் தமிழ் இசைச் சங்கம் நிறுவப்பெற்று, கச்சேரிகளில் தமிழ்ப் பாடல்களுக்கு உரிய இடம் வேண்டும் என்ற இயக்கம் வலுப்பெற்றது. சுந்தராம்பாளோ, மேடையேறிய நாள் தொட்டுத் தமிழிலேயே பாடிப் பாமரரையும் புலவரையும் ஒருங்கே கவர்ந்தவர். அச்சங்கம் 1966இல் அவருக்கு 'இசைப் பேரறிஞர்' பட்டம் அளித்துச் சிறப்பித்தது.

பொதுவாழ்விலும் பெருமைகள் அவரைத் தேடிவந்தன. 1951ஆம் ஆண்டு சென்னைச் சட்டமன்ற மேலவைக்கு அவர் உறுப்பினராக நியமிக்கப்பெற்றார். இந்தியாவில் திரையுலகைச் சார்ந்த ஒருவர் சட்டமன்றத்தில் இடம்பெற்றது அதுவே முதன்முறை என்பர். 1965இல் 'திருவிளையாடல்', 1967இல் 'கந்தன் கருணை' ஆகிய படங்களில் மீண்டும் ஔவையாராகத் தோன்றிப் பாடினார். 1969இல் வெளிவந்த 'துணைவன்' படத்திற்காக, சிறந்த பின்னணிப் பாடகிக்கான தேசிய விருது அவருக்குக் கிடைத்தது. அறுபது வயதைக் கடந்த ஒருவரின் குரலுக்கு அவ்விருது கிடைத்தது என்பது எண்ணத்தக்கது. 1970இல் இந்திய அரசு பத்மஸ்ரீ விருது வழங்கியது. 1980ஆம் ஆண்டு அவர் இயற்கை எய்தினார். 25ஆம் வயதில் உடுத்த வெண்ணிற ஆடையை இறுதிவரை அவர் மாற்றவில்லை.

அக்குரல் கடந்துவந்த வழியின் கதையையும் இங்கே சொல்லி முடித்தல் பொருந்தும். 1964ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 22, 23ஆம் நாள்களில் வீசிய பெரும்புயல், தனுஷ்கோடியை அடியோடு அழித்தது. பயணிகளோடு வந்துகொண்டிருந்த புகைவண்டியும் கடலுக்கு இரையாயிற்று. பின்னர் இராமேசுவரத்திற்கும் தலைமன்னாருக்கும் இடையே ஓடிய கப்பலும், 1980களில் இலங்கையில் போர் மூண்டபின் நின்றுபோயிற்று. 1990இல் தலைமன்னார்ப் புகையிரதப் பாதையும் துண்டிக்கப்பட்டது. கால் நூற்றாண்டுக் காலம் அந்தத் துறையில் கடற்காற்றைத் தவிர வேறு வரவில்லை. போர் ஓய்ந்தபின் பாதை புதிதாக அமைக்கப்பெற்று, 2015ஆம் ஆண்டு தலைமன்னார்த் துறைவரை மீண்டும் புகையிரதம் வந்தது.

பாதைகள் அழிந்தபோதும், அவற்றின் வழியே வந்தவை முற்றாக அழிந்துவிடவில்லை. இந்தியக் குழுக்களின் நாடகங்களைக் கண்டு, யாழ்ப்பாணக் குடாநாட்டில் இசை நாடக மரபு ஒன்று வேரூன்றியது. காங்கேசன்துறை வி. வி. வைரமுத்து, அரிச்சந்திர மயான காண்டத்தை ஊர்தோறும் பன்முறை நடித்து அம்மரபை வளர்த்தார். மன்னார்க் கூத்து நூல்கள் சில, பேராசிரியர் சு. வித்தியானந்தனின் முயற்சியால் 1960களில் அச்சேறிக் காப்பாற்றப்பட்டன. உரத்த குரலில், திறந்த வெளியில், விடியும்வரை பாடும் கலையின் பெருமையை இவை நமக்கு நினைவூட்டுகின்றன.

சுந்தராம்பாளின் வாழ்க்கையைப் புகழின் கதையாகச் சொல்வோர் உண்டு. துயரத்தின் கதையாகச் சொல்வோரும் உண்டு. இரண்டும் உண்மையே. ஆனால் அவற்றிற்கு நடுவே ஒரு தீர்மானம் இருக்கிறது. இலங்கை மேடையில் மற்றொரு குரலோடு இணைந்து உச்சியை எட்டிய குரல், அத்துணைக்குரல் மறைந்தபின் பாதிப் பாட்டாக நின்றுவிட ஒப்பவில்லை. எதிர்ப்பாட்டு வராத இடத்தை மௌனத்தால் நிரப்பாமல், தன் பாட்டாலேயே நிரப்பிக்கொண்டது. தைப்பூசத்திலும் கார்த்திகையிலும் கோவில்களில் பழைய இசைத்தட்டுப் பாடல்கள் ஒலிக்கும்போது, துணைக்கு எவரும் இன்றி உயர்ந்து நிற்கும் அக்கார்வையை நேயர்கள் கேட்டிருப்பர். கொடுமுடியில் பிறந்து, கடல் கடந்து, தனித்து நின்று பாடிய அப்பெண்ணின் வாழ்க்கை முழுவதும் அந்த ஒரு கார்வையில் அடங்கியிருக்கிறது.